இசைத்தட்டா, மேடையா: டீப் பர்ப்பிள் ரசிகர்களின் தீராத வழக்கு

ஒரு ராக் குழுவைப் பற்றி அதன் ரசிகர்கள் சொல்லும் கருத்துகள் அக்குழுவின் தரத்தைக் காட்டும் அளவுக்கு, அதன் இசை அவர்களுடைய கைக்கு எந்த வழியாக, எந்த வடிவத்தில் வந்து சேர்ந்தது என்பதையும் காட்டுகின்றன. பிரிட்டனின் டீப் பர்ப்பிள் குழுவைப் பற்றித் தமிழ்நாட்டிலும் பொதுவாக இந்தியாவிலும் ஐம்பது ஆண்டுகளாக நிலவிவரும் ரசிக அபிப்பிராயங்களை வரிசைப்படுத்திப் பார்க்கும்போது இது தெளிவாகத் தெரிகிறது. எது அக்குழுவின் சிறந்த ஆல்பம், எந்த உறுப்பினர்கள் இருந்த காலம் பொற்காலம், மேடையில் கேட்டது பெரிதா, ஒலிப்பதிவுக் கூடத்தில் செதுக்கியது பெரிதா என்ற மூன்று வழக்குகளுக்கும் இங்குள்ள ரசிகர்கள் தரும் விடைகள் லண்டன் ரசிகர் தரும் விடைகளிலிருந்து சற்றே விலகியிருப்பதற்குக் காரணம் இரசனைக் குறைவன்று. அவர் மேடையைப் பார்த்துவிட்டு இசைத்தட்டை வாங்கினார், இவர் இசைத்தட்டின் படியின் படியைக் கேட்டுவிட்டு மேடையைக் கற்பனை செய்தார்.

ஹார்ட் ராக் என்பது, அமெரிக்கக் கறுப்பின மக்களின் ப்ளூஸ் இசையை அடித்தளமாகக் கொண்டு, மின்கிட்டாரின் ஒலியை வேண்டுமென்றே கரகரக்கச் செய்து, டிரம்ஸின் அடியை முன்னுக்குக் கொணர்ந்து, 1960களின் இறுதியில் பெரும்பாலும் பிரிட்டனில் உருத்திரண்ட இசைவகை ஆகும். லெட் செப்பலின், பிளாக் சப்பாத், டீப் பர்ப்பிள் என்னும் மூன்று குழுக்களை அதன் மூலவர்களாகக் கூறுவது வழக்கம். இவற்றுள் டீப் பர்ப்பிள் 1968ஆம் ஆண்டின் முற்பகுதியில் தோன்றியது. வானூர் வட்டத்துச் செம்மண்ணில் ஆரோவில் நகருக்கு அடிக்கல் நாட்டப்பட்ட 1968 பிப்ரவரி 28க்குச் சில வாரங்கள் முன்பின்னாக, உலகின் இன்னொரு மூலையில் ஐந்து இளைஞர்கள் ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தார்கள் என்பது வெறும் தற்செயல்தான், ஆனால் வானூர்ப் பக்கத்து வாசகருக்குக் காலத்தை நினைவில் நிறுத்த உதவும் தற்செயல்.

இக்குழுவின் வரலாற்றை ரசிகர்கள் உறுப்பினர் மாற்றத்தை வைத்தே பகுக்கின்றனர். ஒவ்வொரு சேர்க்கையையும் இராணுவத் தளவாடங்களுக்கு எண் கொடுப்பதுபோல 'மார்க் ஒன்று', 'மார்க் இரண்டு' என்று குறிப்பது அவர்களுடைய வழக்காறு. ஜான் லார்ட் ஆர்கன், ரிச்சி பிளாக்மோர் கிட்டார், இயன் பெய்ஸ் டிரம்ஸ் என்ற மூவர் தொடக்கத்திலிருந்தே இருந்தனர். 1969இல் பாடகர் இயன் கில்லனும் பேஸ் கிட்டார் வாசிப்பவரான ரோஜர் குளோவரும் சேர்ந்தபோது உருவானதே மார்க் இரண்டு. 'இன் ராக்' (1970), 'ஃபயர்பால்' (1971), 'மெஷின் ஹெட்' (1972), 'மேட் இன் ஜப்பான்' (1972), 'ஹூ டூ வி திங்க் வி ஆர்' (1973) ஆகிய ஆல்பங்கள் இச்சேர்க்கையினுடையவை. ஜான் லார்டின் ஹேமண்ட் ஆர்கன் தேவாலயங்களிலும் ஜாஸ் அரங்குகளிலும் சாந்தமாக ஒலித்துப் பழகிய மின்கருவி; அதை அவர் கிட்டாருக்கென்று செய்யப்பட்ட மார்ஷல் ஒலிபெருக்கியில் செலுத்தி உறுமவைத்தார். ஆர்கனும் கிட்டாரும் சம வலிமையோடு மோதிக்கொள்ளும் இந்த ஒலியே மற்ற இரு மூலவர்களிடமிருந்து டீப் பர்ப்பிளைப் பிரித்துக்காட்டுகிறது. 1972இல் லண்டனின் ரெயின்போ அரங்கில் இவர்களுடைய ஒலி 117 டெசிபலைத் தொட்டதாகக் கின்னஸ் புத்தகம் பதிவுசெய்து, உலகின் மிக உரத்த குழு என்ற பட்டத்தையும் அளித்தது. பட்டம் பின்னர் வேறு குழுக்களுக்குச் சென்றுவிட்டது. அதனால் இழப்பு எதுவும் இல்லை, ஏனெனில் உரப்பு என்பது இக்குழுவின் மிகச் சாதாரணமான குணம்.

ஆல்பங்களைப் பற்றிய சண்டையில் இரு கட்சிகள் உண்டு. ஒரு கட்சி 'இன் ராக்' ஆல்பத்தை முன்வைக்கிறது. 1969 செப்டம்பரில் ராயல் ஆல்பர்ட் மண்டபத்தில் ராயல் ஃபில்ஹார்மானிக் இசைக்குழுவோடு சேர்ந்து லார்டின் நீண்ட கான்செர்ட்டோ வடிவ ஆக்கத்தை வாசித்துவிட்டு வந்த குழு, தன்னை மேற்கத்தியச் செவ்வியல் குழுவாக உலகம் முத்திரை குத்திவிடுமோ என்ற கவலையில், வேறெந்த நாகரிகத்துக்கும் இடம்கொடாமல் ஆவேசமாக ஆக்கியது அது. மற்றக் கட்சி 'மெஷின் ஹெட்' ஆல்பத்தை முன்வைக்கிறது. பொதுமக்கள் மத்தியில் இரண்டாம் கட்சியே எப்போதும் வெல்லும். 'ஸ்மோக் ஆன் தி வாட்டர்' அதில்தான் இருக்கிறது. ஒரு பாட்டின் முதுகெலும்பாகத் திரும்பத் திரும்ப வாசிக்கப்படும் சிறிய இசைத்துணுக்கை ரிஃப் என்பர். உலகில் கிட்டார் கையில் எடுக்கும் பையன்கள் பெரும்பாலும் முதலில் தடவிப் பார்ப்பது இப்பாட்டின் ரிஃபைத்தான், கிட்டார் விற்கும் கடைக்காரர்கள் அதைக் கேட்டுக் கேட்டுச் சலித்துப்போயிருப்பதும் உலகறிந்ததே.

அப்பாட்டு சொல்லும் கதை உண்மைக் கதை. 1971 டிசம்பரில் சுவிட்சர்லாந்தின் மோந்த்ரோ நகரத்துக் காசினோ கட்டடத்தில் ஒலிப்பதிவு செய்யக் குழு ஏற்பாடு செய்திருந்தது. டிசம்பர் 4 அன்று அங்கு ஃபிராங்க் ஸப்பாவின் நிகழ்ச்சி நடந்துகொண்டிருக்கையில் பார்வையாளர் ஒருவர் ஃபிளேர் துப்பாக்கியால் சுட்ட தீப்பொறி கூரையைப் பற்றி, கட்டடமே எரிந்து முடிந்தது. வேறு இடம் தேடியலைந்த குழு, குளிர்காலத்துக்காக மூடிக்கிடந்த கிராண்ட் ஹோட்டலின் தாழ்வாரத்தில் மெத்தைகளைச் சுவரில் சாய்த்துவைத்து, ரோலிங் ஸ்டோன்ஸ் குழுவுக்குச் சொந்தமான நடமாடும் ஒலிப்பதிவு வண்டியை வாசலில் நிறுத்திப் பதிவுசெய்தது. வாசித்ததைத் திரும்பக் கேட்க வேண்டுமானால் பல அறைகளையும் மாடமுகப்புகளையும் கடந்து வண்டிக்குப் போகவேண்டியிருந்தபடியால், சலித்துப்போய்க் கேட்பதையே நிறுத்திவிட்டு, மனத்துக்கு நிறைவு வரும்வரை வாசித்தார்கள். ஆகவே ஒலிப்பதிவுக் கூட ஆல்பம் என்று கட்சிகட்டிப் பேசப்படும் 'மெஷின் ஹெட்'டும் பாதிக்குமேல் மேடை வாசிப்பின் தன்மையே கொண்டது. இசைத்தட்டா மேடையா என்று வழக்காடுகிறவர்கள் இந்தத் தாழ்வாரத்தை மறந்துவிடுகிறார்கள்.

இவ்விரு ஆல்பங்களுக்கும் இடையே வந்த 'ஃபயர்பால்' எப்போதும் மூன்றாமிடத்துக்குத் தள்ளப்படுவது அநீதி என்றே சொல்லவேண்டும். சோதனை முயற்சிகள் அதில்தான் மிகுதி, குறைகளும் அதில்தான் மிகுதி. 1973இன் ஆல்பத்தைப் பற்றி அதிகம் பேசத் தேவையில்லை. ஓய்வில்லாத பயணத்தாலும் கில்லனுக்கும் பிளாக்மோருக்கும் இடையே முற்றிய பகையாலும் களைத்த ஐவரின் வேலை அது.

இந்திய ரசிகரின் தராசில் இவை அனைத்தையும் மிஞ்சி நிற்பது 'மேட் இன் ஜப்பான்'. 1972 ஆகஸ்ட் 15, 16 ஆகிய நாள்களில் ஒசாகாவின் ஃபெஸ்டிவல் ஹாலிலும், 17ஆம் நாள் டோக்கியோவின் புடோகான் அரங்கிலும் நடந்த நிகழ்ச்சிகளிலிருந்து எடுத்த ஏழு பாட்டுகள் கொண்ட இரட்டை இசைத்தட்டு அது. இசைத்தட்டு நிறுவனத்தின் ஜப்பானியக் கிளை தன் நாட்டுச் சந்தைக்கென்று கேட்டதால் குழு அரைமனதோடு இசைந்தது. ஒலிப்பதிவாளர் மார்ட்டின் பர்ச் வேலையைப் பார்த்துக்கொண்டார். ஒலிக்கலவை செய்யும் நேரத்தில் குளோவரும் பெய்ஸும் மட்டுமே எட்டிப்பார்த்தனர். மேடைப் பதிவில் பிசகிய இடங்களைப் பின்னர் கூடத்தில் அமர்ந்து மறுபடி வாசித்து ஒட்டவைப்பதை ஓவர்டப் என்பர். அந்தக் காலத்து நேரடி ஆல்பங்கள் பலவற்றில் தாராளமாக நடந்த அந்த ஒட்டுவேலை இதில் இல்லை. கவனிப்பாரின்றிப் பிறந்த இந்தப் பதிவே பின்னாளில் நேரடி ராக் ஆல்பங்களுக்கு உரைகல்லாக ஆனது.

அதன் உள்ளடக்கத்தைக் கொஞ்சம் விரித்துப் பார்ப்பது தகும். கூடப்பதிவில் நாலரை நிமிடம் ஓடும் 'ஸ்பேஸ் டிரக்கின்' இதில் ஏறத்தாழ இருபது நிமிடம் ஓடுகிறது. பாட்டின் வரிகள் சில நிமிடங்களில் தீர்ந்துபோக, மிச்சமெல்லாம் ஆர்கனும் கிட்டாரும் அந்தந்தக் கணத்தில் புனைந்துகொண்டு போவது. 'தி ம்யூல்' பெயருக்கு ஒரு பாட்டு. நடைமுறையில் அது இயன் பெய்ஸுக்குக் கொடுக்கப்பட்ட தனி. 'ஸ்ட்ரேஞ்ச் கைண்ட் ஆஃப் உமன்' பாட்டின் நடுவே பிளாக்மோர் கிட்டாரில் ஒரு துணுக்கை வீச, கில்லன் அதையே குரலில் திருப்பித்தர, துணுக்கு வரவரக் கடினமாகிக்கொண்டே போய், கடைசியில் குரல் கிட்டாரின் எல்லையில் நின்று கூவுகிறது. கர்நாடக இசைக் கச்சேரியில் பாடகர் பாடும் கற்பனை ஸ்வரத்தை வயலின்காரர் பிடித்துத் திருப்பித்தருவதையும், மிருதங்கத் தனி ஆவர்த்தனத்தையும் கேட்டுப் பழகிய செவிக்கு இந்த அமைப்பில் புரியாதது எதுவும் இல்லை. இலக்கணம் வேறு, தாள அடுக்கு வேறு, ராக ஒழுக்கம் என்ற ஒன்றே அங்கில்லை என்பனவெல்லாம் உண்மை. ஆனால் எழுதிவைத்த பாட்டு ஒரு வாசல் மட்டுமே, அதற்கப்பால் அன்றைய இரவில் என்ன நடந்தது என்பதே கச்சேரி என்னும் புரிதல் இரண்டுக்கும் பொது. லண்டன் விமர்சகர்களில் ஒரு சாரார் நீளம் என்று குறைகூறிய அதே பகுதிகளை, சென்னை ரசிகர் குறையாகவே எண்ணாததற்கு இந்தப் பழக்கம் ஒரு காரணமாகலாம்.

வானூர், திண்டிவனம், செஞ்சி வட்டாரங்களைப் பொறுத்தவரை இன்னும் அருகிலிருக்கும் ஒப்பு தெருக்கூத்து ஆகும். திரௌபதி அம்மன் கோயில்களின் பாரத விழாக்களில் விடிய விடிய நடக்கும் கூத்தில், ஒலிபெருக்கி வருவதற்கு முன்பே ஊர் முழுவதற்கும் கேட்கும்படி உச்சக் கட்டையில் பாடப் பழகிய கலைஞர்களின் குரல், முகவீணையோடும் மிருதங்கத்தோடும் ஆர்மோனியத்தோடும் போட்டியிட்டு எழுவது. இந்த வட்டாரத்தில் கூத்துக் குழுவுக்கு ஜமா என்று பெயர். எந்த ஜமாவின் கர்ண மோட்சம் சிறந்தது, எந்த வாத்தியார் இருந்தபோது அந்த ஜமா உச்சத்தில் இருந்தது, இன்னாரின் துரியோதனனைப் படுகளத்தில் பார்க்காதவர் கூத்தைப் பற்றிப் பேசலாமா என்று டீக்கடையில் நடக்கும் வாக்குவாதத்துக்கும், மார்க் இரண்டா மார்க் மூன்றா என்ற வாக்குவாதத்துக்கும் அமைப்பில் வேறுபாடு இல்லை. ஒரே கதை, ஒரே பாட்டு. ஆள் மாறினால் ஜமாவே மாறிவிடுகிறது என்ற அடிப்படை நம்பிக்கையில்தான் இரு வாதங்களும் நிற்கின்றன. 'சைல்ட் இன் டைம்' பாட்டில் கில்லன் சொற்களை விட்டுவிட்டு வெறும் ஓலமாக மேலேறும் இடத்தை, இரவு மூன்று மணிக்குப் பாஞ்சாலியின் விருத்தத்தைக் கேட்டிருக்கும் செஞ்சிப் பக்கத்துக்காரர் கூச்சல் என்று ஒதுக்கிவிட மாட்டார்.

இனி, இந்த இசை இங்கு வந்து சேர்ந்த வழியைப் பார்க்கவேண்டும். டீப் பர்ப்பிளின் 1970களின் பிரிட்டிஷ் வெளியீடுகள் இஎம்ஐ குழுமத்தின் வழியே சந்தைக்கு வந்தவை. அக்குழுமத்தின் இந்திய நிறுவனமான கிராமபோன் கம்பெனி கல்கத்தாவை அடுத்த டம்டமில் சொந்த ஆலை வைத்திருந்ததால் ராக் இசைத்தட்டுகள் இந்தியாவில் அச்சேற வழி இருந்தது. ஆனால் இசைத்தட்டும் அதை ஓட்டும் கருவியும் பெருநகர வசதியுள்ளவர்களின் உடைமைகள். 1980களில் கேசட் வந்தபிறகுதான் சிற்றூர்க்காரரின் காதுக்கு வழி திறந்தது. அக்காலத்தில் தமிழ்நாட்டின் பல கடைத்தெருக்களிலும் 'மியூசிக்கல்ஸ்' என்று முடியும் பெயர்ப்பலகை தாங்கிய ஒலிப்பதிவுக் கடைகள் இருந்தன. வெற்றுக் கேசட்டையும் வேண்டிய பாட்டுகளின் பட்டியலையும் கொடுத்தால் சில நாள்களில் பதிவுசெய்து தருவார்கள். அவற்றின் முதன்மைச் சரக்கு திரைப்பாட்டு. ஆங்கிலப் பாட்டைத் தேடியவர் பெரும்பாலும் விடுதி நண்பர், வெளிநாட்டிலிருந்து திரும்பிய உறவினர் ஆகியோரின் கேசட்டைக் கடன்வாங்கிப் படியெடுத்துக்கொண்டார்.

படியெடுக்கும் பழக்கம் இரண்டு விளைவுகளை ஏற்படுத்தியது. பட்டியல் கொடுத்துப் பதிவுசெய்வது வழக்கமாகிவிட்டபடியால் பாட்டு என்ற அலகு வலுத்து, ஆல்பம் என்ற அலகு மங்கியது. 'ஸ்மோக் ஆன் தி வாட்டர்', 'ஹைவே ஸ்டார்' ஆகியவற்றை மனப்பாடமாக அறிந்தவர்கள் அவை எந்த ஆல்பத்தில் எத்தனையாவது பாட்டு என்று அறியாதிருந்தனர். இரண்டாவது விளைவு கேசட்டின் நீளத்தால் நேர்ந்தது. 'மேட் இன் ஜப்பான்' ஏறத்தாழ 76 நிமிடம். மலிவாகக் கிடைத்த கேசட்டோ பக்கத்துக்கு முப்பது நிமிடமாக அறுபது நிமிடம். 'ஸ்பேஸ் டிரக்கின்' ஒன்றைக் கைவிட்டால் எஞ்சும் ஆறு பாட்டுகள் பக்கத்துக்கு மூன்றாக மிகக் கச்சிதமாக அடங்கிவிடும், இரண்டாம் பக்கத்தின் முடிவில் சில நொடிகளே மிஞ்சும். மேடையில் அக்குழு எவ்வளவு தூரம் போகும் என்பதை எல்லாவற்றையும்விடத் தெளிவாகக் காட்டும் இருபது நிமிடங்கள் இப்படிப் பலருடைய கேசட்டில் ஏறாமலேபோக இடமிருந்தது. அப்பாட்டைப் பற்றி ஒரு தலைமுறை ரசிகர்களிடம் அபிப்பிராயமே இல்லாதிருப்பதைக் கண்டால் அது இரசனையின் தீர்ப்பு என்று கொள்ளாமல், முதலில் கேசட்டின் நீளத்தை விசாரிப்பது நல்லது.

2000ஆம் ஆண்டை ஒட்டி எம்பி3 குறுந்தகடு வந்தபோது நிலைமை தலைகீழானது. ஒரே வட்டில் ஒரு குழுவின் எல்லா ஆல்பங்களும் அடங்கின. நடைபாதைக் கடையில் சொற்ப விலைக்குக் கிடைத்தன. அதுவரை கேள்விப்பட்டிராத 'பர்ன்' (1974), 'ஸ்டார்ம்பிரிங்கர்' (1974), 'கம் டேஸ்ட் தி பேண்ட்' (1975) ஆகியவை ஒரே நாளில், கால வரிசையின்றி, அகர வரிசையில் ரசிகரின் முன் வந்து விழுந்தன. மார்க் மூன்று என்பது கில்லனுக்கும் குளோவருக்கும் பதிலாக டேவிட் கவர்டேலும் கிளென் ஹியூஸும் சேர்ந்த காலம். 1974 ஏப்ரல் 6 அன்று கலிஃபோர்னியா ஜாம் விழாவில் பிளாக்மோர் தொலைக்காட்சிக் கேமராவைக் கிட்டாரால் குத்தி, ஒலிபெருக்கிக்குத் தீ வைத்தது இந்தக் காலத்தில்தான். புதியவர் இருவரும் ஃபங்க், சோல் ஆகிய கறுப்பின நடனவகை இசைகளின் பக்கம் குழுவை இழுத்தார்கள், அது பிடிக்காமல் பிளாக்மோர் 1975இல் வெளியேறி ரெயின்போ குழுவைத் தொடங்கினார். அவர் இடத்துக்கு வந்த அமெரிக்கர் டாமி போலின் ஒரே ஓர் ஆல்பம் வாசித்தார். 1976 மார்ச்சில் குழு கலைந்தது, அவ்வாண்டு டிசம்பரில் தமது 25ஆம் வயதில் போலின் இறந்தார். பிளாக்மோர் இல்லாத டீப் பர்ப்பிள் டீப் பர்ப்பிளே அல்ல என்று அக்காலத்துப் பிரிட்டிஷ் ரசிகர்கள் ஒதுக்கிய 'கம் டேஸ்ட் தி பேண்ட்' ஆல்பத்தை, அந்தப் பகையின் சுமை ஏதுமின்றி முப்பதாண்டு கழித்து எம்பி3 வட்டில் கேட்ட இளைஞர்கள் நல்ல ஆல்பம் என்றார்கள். அவர்கள் சொன்னதே சரி.

மேடை அனுபவம் இந்திய ரசிகருக்கு மிகத் தாமதமாகக் கிட்டியது. 1984இல் மார்க் இரண்டு மீண்டும் ஒன்றுகூடி 'பெர்ஃபெக்ட் ஸ்ட்ரேஞ்சர்ஸ்' ஆல்பத்தை வெளியிட்டு உலகம் சுற்றியபோதும் அச்சுற்றில் இந்தியா இல்லை. 1990இன் 'ஸ்லேவ்ஸ் அண்ட் மாஸ்டர்ஸ்' ஆல்பத்தை ரசிகர்கள் பெரும்பாலும் ரெயின்போவின் இன்னோர் ஆல்பம் என்று கேலிசெய்ததோடு விட்டுவிட்டனர். 1993 நவம்பரில் பிளாக்மோர் சுற்றின் நடுவிலேயே விலகிச் சென்றார். 1994இல் அமெரிக்கக் கிட்டார் கலைஞர் ஸ்டீவ் மோர்ஸ் சேர்ந்தார். அதன்பிறகு 1995 ஏப்ரலில்தான் குழு பம்பாயின் அந்தேரி விளையாட்டரங்கில் வாசித்தது. இருபது ஆண்டுகளாகக் கேசட்டில் பிளாக்மோரைக் கேட்டுக் காத்திருந்தவர்களுக்கு மேடையில் நின்றவர் வேறொருவர். இது ஏமாற்றம்தானே என்று கேட்கலாம். அந்த இரவின் பதிவு 'பாம்பே காலிங்' என்ற பெயரில் பின்னர் வெளிவந்திருக்கிறது. அதைக் கேட்டால், புதிய கிட்டார்காரரின் வரவால் பத்தாண்டுச் சச்சரவு நீங்கிய ஒரு குழு, சிரித்துக்கொண்டு வாசிப்பது புரிகிறது. 1996இல் வந்த 'பர்பெண்டிக்யுலர்' ஆல்பத்தின் புத்துணர்ச்சிக்கு முன்னோட்டம் அந்தேரியில் கேட்டது என்று கூறினால் மிகையாகாது.

'பாம்பே காலிங்' என்ற அந்தப் பெயருக்குள் ஒரு பழைய கதையும் உண்டு. 'சைல்ட் இன் டைம்' பாட்டின் தொடக்கத்தில் ஆர்கனில் வரும் அமைதியான இசைத்துணுக்கு, சான் ஃபிரான்சிஸ்கோவின் 'இட்ஸ் எ பியூட்டிஃபுல் டே' குழு 1969இல் வெளியிட்ட 'பாம்பே காலிங்' என்ற வயலின் உருப்படியிலிருந்து எடுத்துக்கொள்ளப்பட்டது. பதிலுக்கு அக்குழுவும் டீப் பர்ப்பிளின் 'ரிங் தட் நெக்' இசையைத் தன் 1970ஆம் ஆண்டு ஆல்பத்தில் வேறு பெயரில் வாசித்துக் கணக்கைத் தீர்த்துக்கொண்டது. இன்றைய காப்புரிமை வழக்கறிஞர்களின் காலத்தில் இந்தப் பண்டமாற்று இவ்வளவு சுமுகமாக முடிந்திருக்காது. கலிஃபோர்னியாவில் பம்பாயின் பெயரைச் சூடிய இசை, லண்டனுக்குப் போய் உருமாறி, ஒருவழியாக அப்பெயரின் நகரத்து மேடைக்கே வந்தது.

ஆனால் பம்பாய் தமிழ்நாட்டிலிருந்து ஒரு நாளுக்கு மேற்பட்ட ரயில் தொலைவு. திண்டிவனத்து ரசிகருக்கு எட்டும் தூரத்தில் பெரிய ராக் மேடை என்பது, செஞ்சி, திருவண்ணாமலை, கிருஷ்ணகிரி, ஓசூர் வழியாகப் பேருந்தேறிப் போகக்கூடிய பெங்களூரு அரண்மனை மைதானம்தான். 2007 மார்ச் 17 அன்று அங்கு அயர்ன் மெய்டன் குழு வாசித்தது. டீப் பர்ப்பிள் வகுத்த ஹார்ட் ராக்கிலிருந்து கிளைத்த ஹெவி மெட்டல் வகையின் முதன்மைக் குழு அது. அதன் புகழ்பெற்ற ஆல்பங்களை ஒலிப்பதிவு செய்தவரும் 'மேட் இன் ஜப்பான்' செய்த அதே மார்ட்டின் பர்ச். தென்னிந்திய ரசிகர்களுக்கு அது ஒரு திருப்புமுனை. வயது ஏறி, பாதி உறுப்பினர் போய், பழம்பெருமையோடு வரும் குழுவை மட்டுமே இந்தியா காணும் என்ற நிலையை மாற்றி, புதிய ஆல்பத்தோடு சுற்றிலிருக்கும் குழுவை முழு வலிமையில் காட்டியது. அடுத்த ஆண்டு பிப்ரவரி 1 அன்று அக்குழு தன் உலகச் சுற்றை மும்பையிலேயே தொடங்கியது. சென்னையில் இதற்கு ஈடாகச் சொல்லத்தக்கது ஐஐடி மெட்ராஸின் சாரங் விழாவில் திறந்தவெளி அரங்கில் நடக்கும் ராக் இரவு. மாணவர் குழுக்கள் போட்டியிட்டு வளர்ந்த அம்மேடையில் 2009இல் சுவீடனின் ஓபெத் வாசித்ததை அன்றைய மாணவர்கள் இன்றும் சொல்லிக்கொள்கிறார்கள்.

நேரில் கேட்கத் தொடங்கியதும் ரசிகரின் தராசு மாறியது. கேசட் காலத்தில் 'சைல்ட் இன் டைம்' பாடாத டீப் பர்ப்பிள் கச்சேரியை நினைத்தும் பார்த்திருக்க முடியாது. 2002க்குப் பிறகு கில்லன் அதைப் பட்டியலிலிருந்தே எடுத்துவிட்டார், ஏனெனில் 1945இல் பிறந்தவரின் தொண்டை 1970இன் சுருதியில் இனி நிற்காது. சுருதியை இறக்கிப் பாடலாமே என்பது ஒரு வாதம். கர்நாடக இசையில் வயதேறிய வித்துவான்கள் ஒரு கட்டை, ஒன்றரைக் கட்டை இறக்கிக்கொண்டு பாடுவதும், சபையினர் அதைப் பண்பாகவே ஏற்பதும் இயல்பு. அந்தப் பாட்டிலோ உயரமே பொருள். இறக்கிவிட்டால் மிஞ்சுவது சுருக்கமான ஓர் ஆர்கன் துணுக்கு மட்டும். கில்லன் பாடாமல் விட்டது சரியான முடிவு. இதையே காரணமாகக் காட்டி, இன்றைய குழு பழைய குழுவின் நிழல் என்று எழுதுகிறவர்கள், ஜான் லார்ட் 2002இல் விலகியபின் வந்த டான் ஏரியின் வாசிப்பையும், 2012 ஜூலையில் லார்ட் மறைந்தபின் அவர் நினைவுக்கு அளிக்கப்பட்ட 'நவ் வாட்' (2013) ஆல்பத்தையும், 2022இல் மோர்ஸ் விலகியபின் வந்த சைமன் மெக்பிரைடின் கிட்டாரையும் கேட்காமலே எழுதுகிறார்கள். தொடக்கம் முதல் இன்றுவரை எல்லா 'மார்க்'குகளிலும் இருக்கும் ஒரே ஆள் இயன் பெய்ஸ். ரசிகர்களின் சண்டையில் மிகக் குறைவாக அடிபடும் பெயரும் அவருடையதுதான்.

'மேட் இன் ஜப்பான்' பற்றிய வழக்கு 1993இல் புதிய கட்டத்துக்குப் போனது. அந்த மூன்று இரவுகளின் பதிவும் பெரும்பாலும் முழுமையாக 'லைவ் இன் ஜப்பான்' என்ற மூன்று குறுந்தகடுகளாக வெளிவந்தபோதுதான், பழைய இசைத்தட்டு எந்த இரவிலிருந்து எதை எடுத்தது என்று ஒப்பிட்டுப் பார்க்க முடிந்தது. நான்கு பாட்டுகள் ஆகஸ்ட் 16இன் ஒசாகா இரவுக்குரியவை. 'ஸ்மோக் ஆன் தி வாட்டர்' மட்டும் முதல் இரவினுடையது, தொடக்க ரிஃபைப் பிளாக்மோர் பிசகின்றி வாசித்தது அன்று மட்டுமே என்பதே அதற்குச் சொல்லப்படும் காரணம். 'தி ம்யூல்', 'லேஸி' இரண்டும் டோக்கியோவினுடையவை. இன்று வானூரில் கைபேசி வைத்திருக்கும் எவரும் இம்மூன்று இரவுகளையும் அடுத்தடுத்துக் கேட்டுவிடலாம். எந்தக் கேசட் நீளத்துக்காகவும் 'ஸ்பேஸ் டிரக்கின்' வெட்டுப்படவேண்டியதில்லை. அப்படிக் கேட்கும்போது, டோக்கியோ இரவே மூன்றில் மேலானது என்று வாதிடுவோர் ஒரு புறமும் ஒசாகாவின் இரண்டாம் இரவை விட்டுக்கொடாதவர்கள் மறுபுறமும் இருப்பது தெரியும். 'லேஸி' பாட்டைப் பொறுத்தவரை டோக்கியோவுக்கு நிகரில்லை. 'சைல்ட் இன் டைம்' பாட்டுக்கோ ஆகஸ்ட் 16தான். அந்த ஏற்றம் மற்ற இரு இரவுகளிலும் ஒரு மயிரிழை தாழ்ந்தே நிற்கிறது.